ஊருக்கு ஹெர்னியா

பிப்ரவரி 8, சனி

இந்த வீட்டில் வாய்விட்டுக் கத்த முடியாது. ஒற்றைச் செங்கல் சுவர். இந்தப் பக்கம் தும்மினால் அந்தப் பக்கத்து வீட்டில் ‘நூறு’ என்பார்கள். அதனால் ஜாக்கெட் அளவு குறிக்கிற டைரியின் பின்பக்கத்தில் எழுதுகிறேன். மனசில் இருப்பதை எங்கேயாவது கொட்டாவிட்டால் எனக்கு மண்டை வெடித்துவிடும்.

இன்று மதியம் நாகர்கோவிலிலிருந்து வந்து சேர்ந்தோம். வியாழக்கிழமை என் வீட்டுக்காரருக்கு மூல ஆபரேஷன். உள்ளூரில் டாக்டருக்குப் பஞ்சமா? ஆனாலும் அவ்வளவு தூரம் போய்த்தான் செய்துகொண்டார். கோமதிநாயகம் டிரைவிங் ஸ்கூல் என்றால் டவுனிலிருந்து பேட்டை வரை தெரியாதவர் இல்லை. பாதி ஊருக்குக் கார் ஓட்டச் சொல்லிக் கொடுத்து, மீதி ஊரை “வண்டியா ஓட்டுத, மாடா மேய்க்க?” என்று வைத மனிதர். அவருக்கு உட்காருகிற இடத்தில் நோய் என்று வெளியே தெரிந்தால் மானம் கப்பலேறிவிடுமாம்.

“டிரைவிங் ஸ்கூல்காரனுக்கு சீட்டுலதான் கோளாறுன்னு சிரிப்பானுவட்டி. நான் சாவுற வரைக்கும் அதான் எனக்குப் பட்டப்பேரு” என்றார்.

அதனால் ஊருக்கு ஹெர்னியா. ஓசூரில் வேலை பார்க்கும் எங்கள் மகனுக்கும் ஹெர்னியா. கூடப் பிறந்த அக்காவுக்கும் ஹெர்னியா. மூலம் எனக்கு மட்டும். பொய் சொல்வது அவர், அது கிழியாமல் தைத்துக்கொண்டிருப்பது நான்.

டிஸ்சார்ஜ் ஆகும்போது நர்ஸ் வந்து, “வீட்டுல எப்பிடிப் பாத்துக்கிடணும்னு சொல்லணும், ரெண்டு பேரும் இருங்க” என்றாள். அவர் உடனே என் பக்கம் திரும்பி, “நீ போயி மாத்திரைய வாங்கு. பிறகு கூட்டமாயிரும்” என்று விரட்டினார். மருந்துக் கடையில் ஈ, காக்கை இல்லை. நான் திரும்புவதற்குள் நர்ஸ் பேசி முடித்துப் போய்விட்டாள். என்ன சொன்னாள் என்று கேட்டேன்.

“வெந்நில உக்காரணுமாம். மலச்சிக்கல் வரக் கூடாதாம். அவ்வளவுதான்.”

அதற்காக அகலமான பேசின் ஒன்று வாங்கினேன். வாடகைக் காரில் ஒருக்களித்துப் படுத்தபடியே வந்தார். அந்த நிலைமையிலும் டிரைவர் கியர் மாற்றுவதற்கெல்லாம் குறை சொன்னார். அந்தப் பையன் என்னைக் கண்ணாடியில் பாவமாகப் பார்த்தான்.

பிப்ரவரி 9, ஞாயிறு

மைனி வந்துவிட்டார். ஆவுடையம்மாள், அவருடைய அக்கா, அம்பாசமுத்திரத்திலிருந்து. யார் கூப்பிட்டது என்று கேட்கக் கூடாது. தம்பிக்கு ஆபரேஷன் என்றால் அக்கா வருவார், வந்தால் அடுப்படி அவருடையது.

முதலில் கண்ணில் பட்டது பேசின்தான்.

“இது எதுக்குட்டி?”

“வெந்நில உக்காரச் சொல்லிருக்காவ மைனி.”

“ஹெர்னியாவுக்கு எதுக்கு வெந்நில உக்காரணும்? வெட்டித் தச்ச எடத்துல வெந்நி பட்டா புண்ணு பழுத்துல்லா போவும். சூடு வேற ஏறும். எந்தக் கோட்டிக்காரன் சொன்னான்?”

நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். அவர் மின்விசிறியைப் பார்த்தார். ஒரு வார்த்தை, ஒரே வார்த்தை சொல்லியிருக்கலாம். “அக்கா சொல்லுததும் சரிதாம்ட்டி” என்றார். பேசினில் இப்போது மைனியின் சேலை ஊறிக்கொண்டிருக்கிறது.

சாயங்காலம் லாரி புக்கிங் ஆபீஸ் மாசானம் அண்ணாச்சி ஹார்லிக்ஸ் பாட்டிலோடு வந்தார். போன வருஷம் அவருக்கு நிஜமாகவே ஹெர்னியா ஆபரேஷன் நடந்தது. வந்து உட்கார்ந்ததும், “எனக்கு வலது பக்கம். உமக்கு எந்தப் பக்கம்வே?” என்றார்.

“இடது” என்றார் என் வீட்டுக்காரர். கண் இமைக்கவில்லை.

“எத்தன தையலு?”

“எண்ணல.”

“வேட்டிய எறக்கும், பாப்போம். எனக்குத் தழும்பே தெரியல.”

மைனி இருக்கிறார் என்று சொல்லி நான்தான் தடுத்தேன். அடுப்படிக்கு வந்து சிரித்தேன். சிரித்து முடித்ததும் எரிச்சல்தான் மிஞ்சியது. எனக்கு நாற்பத்தேழு வயது. கல்யாண சீசன், முகூர்த்த ஜாக்கெட்டுகள் குவிந்து கிடக்கின்றன. இந்த நாடகத்துக்கு நான் ஏன் திரை இழுத்துக்கொண்டிருக்க வேண்டும்?

பிப்ரவரி 10, திங்கள்

ஆபரேஷனுக்குப் பிறகு அவர் இன்னும் வெளிக்குப் போகவில்லை. வலிக்குமே என்று பயம். போகக் கூடாது என்பதற்காகவே சாப்பிடாமல் இருக்கிறார். தினம் படுக்கும் முன் கரைத்துக் குடிக்கச் சொல்லி ஒரு பவுடர் கொடுத்திருக்கிறார்கள், மலம் இளகுவதற்கு. மைனி பார்த்தால் கேட்பார் என்று அதைத் தலையணைக்கு அடியில் ஒளித்து வைத்திருக்கிறார். ஒளித்து வைத்தால் மலம் இளகுமா?

மைனி புண் ஆறுவதற்குக் கருவாட்டுக் குழம்பு வைத்தார். கீரையும் வாழைத்தண்டும் வாங்கி வந்த நான் அதைக் கட்டோடு தூக்கி ஒரு மூலையில் வைத்தேன். ஹெர்னியாக்காரனுக்கு வாழைத்தண்டு எதற்கு என்று மைனி கேட்டால் என்ன பொய் சொல்வது?

பிப்ரவரி 11, செவ்வாய், தைப்பூசம்

இன்று ஒரு அதிசயம். அவர் தன் வேட்டியைத் தானே துவைத்தார்.

கல்யாணம் ஆகி இத்தனை வருஷத்தில் ஒரு கைக்குட்டை அலசியது கிடையாது. காலையில் குளியலறைக்குள் போய்க் கதவைச் சாத்தி, குழாயை முழுக்கத் திறந்துவிட்டு அரை மணி நேரம். கதவைத் தட்டினேன். “போட்டி அங்கிட்டு” என்றார். சாயங்காலம் மறுபடியும். மைனி என்னை ஒரு பார்வை பார்த்தார். ஆபரேஷன் ஆன புருஷன் துணி துவைக்கிறான், பொண்டாட்டி மெஷின் மிதிக்கிறாள் என்று அம்பாசமுத்திரம் முழுக்கச் சொல்லத் தோதான பார்வை. எனக்கு வந்த கோபத்தில் ஒரு ஜாக்கெட்டுக்குக் கையை மாற்றிப் பூட்டிவிட்டேன். பிரித்துத் தைக்க வேண்டியதாகிவிட்டது.

என்னை அவமானப்படுத்தத்தான் செய்கிறார். வேறு என்ன காரணம் இருக்க முடியும்?

இன்னொரு அதிசயம், திடீர் பக்தி. ஊதுபத்தி மணமே தலைவலி என்று வைகிறவர், தைப்பூசம் என்று சொல்லி அறைக்குள் சாம்பிராணி போடச் சொன்னார். போட்டேன். போதாதாம். கட்டிலுக்குப் பக்கத்திலேயே வைக்கச் சொன்னார். அறை முழுக்கப் புகை. மைனிக்குக் கண் கலங்கிவிட்டது. “முருகன் புத்தியக் கொடுத்துட்டான்” என்றார்.

பிப்ரவரி 12, புதன்

அவருக்கு உடம்பு கதகதவென்று இருக்கிறது. மாத்திரை கொடுத்தால் விடுகிறது, பிறகு வருகிறது. வலி குறைந்திருக்க வேண்டிய நேரத்தில் கூடுகிறது. படுக்க முடியவில்லை, நிற்க முடியவில்லை. நடந்தால் காலை அகட்டி வைக்கிறார். காலையிலிருந்து சிறுநீர் சொட்டுச் சொட்டாகத்தான் போகிறது. போவதும் வருவதுமாக இருக்கிறார், ஒன்றும் ஆகவில்லை.

“சூட்டுப் பிடிப்புதான்” என்றார் மைனி.

எனக்கும் அதுவேதான் தோன்றியது. எங்கள் வீட்டில் யாருக்கு நீர் பிடித்துக்கொண்டாலும் அம்மா சூடு என்று சொல்லித்தானே வைத்தியம் செய்வாள். கல்யாணம் ஆன நாளிலிருந்து ரசத்துக்குப் புளி எவ்வளவு என்பதில்கூட நானும் மைனியும் ஒத்துப் போனதில்லை. இதில் ஒத்துப் போனோம். சண்டை வைத்தியத்தில்தான். மைனி கால் பெருவிரல் நகத்தில் சுண்ணாம்பு தடவ வேண்டும் என்றார். நான் தொப்புளில் விளக்கெண்ணெய் என்றேன். கடைசியில் இரண்டையும் செய்தோம். வெந்தயம் ஊறவைத்த மோர், இரண்டு இளநீர், அடிவயிற்றில் ஈரத்துணி. அவர் சுவரைப் பார்த்தபடி எல்லாவற்றுக்கும் உடம்பைக் கொடுத்துக்கொண்டு கிடந்தார்.

மத்தியானத்துக்கு மேல் கொஞ்சம் போனது. மைனி சுண்ணாம்பால் என்றார். நான் விளக்கெண்ணெயால் என்றேன்.

“நாகர்கோவிலுக்கு ஒரு போன் போட்டுக் கேப்பமா?” என்று மைனி அந்தப் பக்கம் போன நேரம் அவரிடம் கேட்டேன்.

“சூடுன்னு நீங்களே சொல்லிட்டியள்லா. பிறகு என்ன போனு?”

அதுவும் சரிதான் என்று விட்டுவிட்டேன்.

பிப்ரவரி 13, வியாழன்

காய்ச்சல் விடவே இல்லை. மூன்று வேட்டி துவைத்திருக்கிறார். கொடியில் காய்வதைப் போய்ப் பார்த்தேன். மஞ்சளும் பழுப்புமாகத் திட்டு போகவில்லை. சரியாகத் துவைக்கத் தெரிந்தால்தானே.

ஆனால் அது அழுக்குத் திட்டு மாதிரி இல்லை. உள்ளே போய், “திரும்புங்க, நான் பாக்கணும்” என்றேன். முடியாது என்றார். போர்வையைப் பிடித்து இழுத்தேன். பக்கத்தில் இருந்த டம்ளரை எடுத்து எறிந்தார். என் மேல் படவில்லை, கதவில் பட்டது. சத்தம் கேட்டு மைனி ஓடி வந்தார்.

“செத்தாலும் காட்ட மாட்டேம்ட்டி” என்றார் என்னிடம், பல்லைக் கடித்துக்கொண்டு.

சரி, சாகட்டும் என்று மனசுக்குள் சொன்னேன். எழுதியும் வைக்கிறேன். அப்படித்தான் சொன்னேன்.

பிப்ரவரி 15, சனி

நேற்று எழுதவில்லை. இப்போது பெரியாஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து எழுதுகிறேன். 

நேற்று காலையில் அவருக்குக் குளிர் நடுக்கம் வந்தது. கட்டில் ஆடியது. மூன்று போர்வை போட்டும் நிற்கவில்லை. கண் எங்கேயோ போய் நின்றது, என்னை ‘அக்கா’ என்று கூப்பிட்டார். மைனி சுண்ணாம்புக் கிண்ணத்தை எடுத்தார். நான் அதைத் தட்டிவிட்டேன். தெருவில் போய் நின்று யார் வண்டி கிடைத்தாலும் போதும் என்று கத்தினேன். சுவருக்கு அந்தப் பக்கம் கேட்கட்டும் என்றே கத்தினேன். இசக்கி ஆட்டோவைத் திருப்பினான். அவரிடம் வண்டி பழகிய பையன், இப்போது சொந்த ஆட்டோ ஓட்டுகிறான். மைனியும் ஏறிக்கொள்ள, நானும் இசக்கியும் அவரைத் தாங்கி ஏற்றினோம். உட்கார முடியாமல் என் மடியில் கவிழ்ந்து படுத்தார். அப்போதுதான் நாற்றம் அடித்தது. சாம்பிராணி இல்லாத இடத்தில் அது முகத்தில் அறைந்தது.

காஷுவாலிட்டியில் ஒரு சின்ன வயது டாக்டர், நிலோஃபர் என்று பெயர். “என்ன ஆபரேஷன், எப்போ?” என்று கேட்டார். கேட்ட நேரம் சுற்றி நின்றவர்கள் இசக்கி, மைனி, ஸ்ட்ரெச்சர் தள்ளுகிறவர், வாட்ச்மேன். வாட்ச்மேன் வேறு, “நம்ம டிரைவிங் ஸ்கூல் அண்ணாச்சில்லா!” என்று கிட்டே வந்துவிட்டார்.

மைனி முந்திக்கொண்டு, “ஹெர்னியாம்மா” என்றார்.

டாக்டர் அவரிடம் குனிந்து, “ஐயா, ஹெர்னியாவா?” என்றார். காய்ச்சலில் வெந்துகொண்டிருந்த அந்த மனிதர், என்னை அக்கா என்று கூப்பிட்ட மனிதர், அதற்கு மட்டும் தெளிந்துவிட்டார்.

“ஆமா. ஹெர்னியாதான்.”

டாக்டர் அடிவயிற்றைப் பார்த்தார், இடது பக்கம், வலது பக்கம். “எங்கம்மா தையல்? ஒண்ணையும் காணோமே” என்றார். மைனி குழம்பிப்போய் என்னைப் பார்த்தார். என் வீட்டுக்காரர் என் மணிக்கட்டைப் பிடித்தார். நெருப்பாகச் சுட்டது. சொல்லாதே என்று கண்ணால் கெஞ்சினார். சாகிறேன், ஆனால் சொல்லாதே என்கிறார்! எனக்கு அப்போது வந்த கோபம் அதுவரை யார் மேலும் வந்ததில்லை.

“மூலம்!” என்று கத்தினேன். “ஹெர்னியா இல்ல, மூலம்! மூலத்துக்கு ஆபரேஷன் பண்ணிருக்கு! அங்க பாருங்க! மூணு நாளாக் காய்ச்சல், ஒண்ணுக்கு வரல, நாத்தமா வடியுது! அங்க பாருங்கம்மா!”

  அவர் என் கையை விட்டுவிட்டு முகத்தை மூடிக்கொண்டார்.

டாக்டர் திரை இழுத்துப் பார்த்த ஒரே நிமிஷத்தில் ஓட்டமும் நடையுமாக ஆட்கள் வந்தார்கள். குழாய் வைத்துச் சிறுநீரை எடுத்தார்கள். பை நிறைந்தது. கையில் ஊசி ஏற்றி மருந்து ஓடவிட்டார்கள். மத்தியானமே தியேட்டருக்குள் கொண்டுபோய் மயக்க மருந்து கொடுத்துக் கீறி, உள்ளே கட்டியிருந்த சீழை வெளியேற்றினார்கள்.

வெளியே வந்து டாக்டர் நிலோஃபர் என்னை உட்காரவைத்துச் சொன்னார். நான் மறக்கக் கூடாது என்பதற்காக எழுதுகிறேன்.

“மூல ஆபரேஷனுக்கு அப்புறம் கொஞ்சம் ரத்தம், தண்ணி மாதிரிக் கசிவு எல்லாருக்கும் இருக்கும்மா. அது பயமில்ல. ஆனா வலி நாளுக்கு நாள் குறையணும். குறையாம கூடினா, காய்ச்சல் வந்தா, நாத்தத்தோட சீழ் வடிஞ்சா, ஒண்ணுக்குப் போக முடியலன்னா, உடனே வந்துரணும். அதுலயும் காய்ச்சல், வலி, நீர் அடைப்பு மூணும் சேந்து வந்தா அது சூடு இல்ல. உள்ள கிருமி பரவுது. உயிருக்கே ஆபத்து.”

“வெந்நில உக்காராம விட்டுட்டோம்மா. அதனாலயா?”

“உக்காந்தா வலி குறையும், இடமும் சுத்தமா இருக்கும். அதுனால மட்டும் வந்துச்சுன்னு சொல்ல மாட்டேன். எல்லாம் ஒழுங்காச் செஞ்சாலும் ரொம்ப அபூர்வமாச் சிலருக்கு இப்பிடி ஆகும். வந்தது யார் தப்பும் இல்ல. இத்தனை நாள் வீட்டுல வச்சிருந்ததுதான் தப்பு. போகும்போது இதெல்லாம் சொல்லித்தானே அனுப்பிருப்பாங்க?”

சொல்லித்தான் அனுப்பியிருப்பார்கள். நான் மருந்துக் கடையில் நின்ற நேரத்தில். அப்படியென்றால் இவருக்குத் தெரியும். முதல் நாள் வேட்டி துவைத்தபோதே தெரியும். நாங்கள் இரண்டு பேரும் காலில் சுண்ணாம்பும் தொப்புளில் எண்ணெயும் தடவியபோது, அது சூடு இல்லை என்று தெரிந்தேதான் அங்கே கிடந்திருக்கிறார்.

பிப்ரவரி 16, ஞாயிறு

காய்ச்சல் இறங்கியிருக்கிறது. என்னோடு பேசவில்லை.

பிப்ரவரி 17, திங்கள்

பேசவில்லை. நர்ஸிடம் பேசுகிறார், அடுத்த கட்டில்காரரிடம் பேசுகிறார், மைனியிடம் தண்ணீர் கேட்கிறார். நான் ஊட்டினால் வாயைத் திறக்கிறார், கண்ணை மூடிக்கொள்கிறார். உயிரைக் காப்பாற்றியதற்கு இவ்வளவு பெரிய தண்டனையை நான் எங்கேயும் கேள்விப்பட்டதில்லை.

ராணி என்ற வாடிக்கையாளர் ஜாக்கெட் எப்போது என்று போனில் கேட்டாள். கேட்டுவிட்டு, “அண்ணாச்சிக்கு மூலமாம்லா?” என்றாள். “ஆமா, மூலம்தான். உனக்குக் கழுத்து எவ்வளவு எறக்கணும்னு சொல்லு” என்றேன்.

பிப்ரவரி 18, செவ்வாய்

மைனி இன்று வெடித்தார். வராந்தாவில், சோற்றுப் போணியை நடுவில் வைத்துக்கொண்டு.

“அவன் ஆம்பள, வெக்கப்பட்டான். நீ ஏம்ட்டி என்கிட்ட மறைச்ச? நான் வேத்தாளா? மூலம்னு ஒரு வார்த்த சொல்லிருந்தா நான் கருவாடு வைப்பனா? பேசின எடுத்துத் துணி ஊறப் போடுவனா?”

“அவுக சொல்லக் கூடாதுன்னாவ மைனி.”

“அவன் கெணத்துல குதிக்கச் சொன்னா குதிப்பியா?”

எனக்கும் சுர்ரென்று ஏறியது. “நீங்க வந்த அன்னைக்கே அடுப்படியப் புடிச்சிட்டிய. என்ன ஏதுன்னு எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியளா? நீங்க சொன்னதுக்கெல்லாம் அவுக தலைய ஆட்டுனாவ, நான் என்ன செய்ய?” என்றேன். சத்தமாகவே சொன்னேன். வராந்தாவில் இருந்தவர்கள் எல்லாம் திரும்பிப் பார்த்தார்கள்.

 மைனி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, “என் கையால தம்பியக் கொன்னுருப்பேனே தாயி” என்றார். நாம் இரண்டு பேரும் சேர்ந்துதான் கொன்றிருப்போம் என்றேன். அதன் பிறகு ஒரே போணியில் சாப்பிட்டோம்.

பிப்ரவரி 20, வியாழன்

பேசினார்.

மத்தியானம், வார்டில் பாதிப் பேர் தூக்கத்தில். நான் ஸ்டூலில் உட்கார்ந்து ஜாக்கெட் ஹூக் கட்டிக்கொண்டிருந்தேன். சுவரைப் பார்த்தபடியே ஆரம்பித்தார்.

“நாகர்கோவில்ல ஆபரேஷனுக்கு முந்துன நாளு, டெஸ்ட் பண்ணணும்னு கூட்டிட்டுப் போனாவல்லா. நீ வெளிய நின்ன.”

“ஆமா.”

“திரும்பிப் படுக்கச் சொன்னாவ. மொழங்கால மடக்கி, துணிய வெலக்கி. பாத்தா ஆறு பேரு நிக்காவ. படிக்கிற பிள்ளைய. பொம்பளப் பிள்ளையளும் உண்டு. பெரிய டாக்டர் வெரல விட்டுக் காட்டிக் காட்டிப் பாடம் நடத்துதாரு. ஒருத்தி கொட்டாவி விட்டா. எனக்கு அந்தக் கண்ணாடிக் கதவுல எல்லாம் தெரியுது. வலிக்குன்னேன். ‘பேசாமப் படும்’னாரு. ஒருத்தர்கூட எம் பேரக் கேக்கலட்டி.”

ஊசியை மடியில் வைத்தேன்.

“நர்ஸு சொல்லிட்டுத்தான் போச்சு. காய்ச்சல் வந்தா வாங்க, நாத்தம் அடிச்சா வாங்க, ஒண்ணுக்கு வரலன்னா வாங்கன்னு. எனக்கு எல்லாம் தெரியும். மறுபடி அந்த மேசையில ஏறித் திரும்பிப் படுக்கதுக்கு, செத்துரலாம்னு இருந்துச்சு.”

ஒரு வாரமாகச் சேர்த்து வைத்திருந்த வசவெல்லாம் என் வாயில் இருந்தது. எதையும் சொல்லவில்லை. கோபம் போய்விட்டதா என்றால் இல்லை, ஆள்தான் மாறிவிட்டது. கொட்டாவி விட்ட அந்தப் பெண்ணை, பேசாமப் படும் என்ற அந்தப் பெரிய டாக்டரை, என் முன்னால் நிறுத்த வேண்டும் போல இருந்தது. என்னிடம் ஏன் அன்றைக்கே சொல்லவில்லை என்று இவரையும் நாலு போடு போட வேண்டும் போல இருந்தது.

“நாளைக்கி பெரிய டாக்டர் ரவுண்ட்ஸாம். மாணவருங்களக் கூட்டிட்டு வருவாராம். நர்ஸு சொல்லிச்சு” என்றார். கட்டில் கம்பியைப் பிடித்திருந்த கை வெளுத்துப் போயிருந்தது.

பிப்ரவரி 21, வெள்ளி

வந்தார்கள். நரைத்த தலையோடு ஒரு டாக்டர், பின்னால் வெள்ளைக் கோட்டுப் பிள்ளைகள் ஏழெட்டுப் பேர். நர்ஸ் திரையை இழுத்துவிட்டு, “அம்மா, கொஞ்சம் வெளிய இருங்க” என்றார்.

“இருக்க மாட்டேன்” என்றேன்.

நரைத்த டாக்டர் நிமிர்ந்து பார்த்தார். என் குரல் நடுங்கியது. கோபத்தில்தான், பயத்தில் இல்லை.

“நான் வெளிய போக மாட்டேன் சார். பிள்ளைய படிக்கட்டும், பாக்கட்டும். பாக்காம எப்படிப் படிக்கும்? ஆனா தொடுறதுக்கு முன்ன இவுக பேரக் கேக்கணும். பாக்கலாமான்னு கேக்கணும். இத்தன நாளா இந்த மனுசன் உள்ளதச் சொல்லாம சாவக் கெடந்ததுக்குக் காரணம், முன்ன ஒரு எடத்துல ஆறு பேரு பாத்தாவ, ஒருத்தரும் பேரு கேக்கல.”

 நரைத்த டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துரத்தப் போகிறார் என்று நினைத்தேன். அவர் பின்னால் திரும்பி, முன்வரிசையில் நின்ற பெண்ணிடம், “கேளும்மா” என்றார்.

அந்தப் பெண் கட்டிலைச் சுற்றி முகத்துப் பக்கம் வந்து குனிந்தாள். “ஐயா, உங்க பேரு என்னங்கய்யா? நாங்க பாக்கலாமா?”

அவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். 

“கோமதிநாயகம்” என்றார். தொண்டையைக் கனைத்தார். பிறகு வந்த குரல் எனக்குத் தெரிந்த குரல். பக்கத்து சீட்டில் உட்கார்ந்து ஊரையே வைகிற குரல்.

“டிரைவிங் ஸ்கூல் வச்சிருக்கேன். மூலத்துக்கு ஆபரேஷன் பண்ணி, சீழ் புடிச்சு வந்திருக்கேன். நல்லாக் கேட்டுக்கிடுங்க. மொதல்ல வலி கூடுச்சு. பிறகு நாத்தம். பிறகு காய்ச்சல். பிறகு ஒண்ணுக்கு நின்னு போச்சு. நாலும் தெரிஞ்சுதான் மறைச்சேன். உங்கள்ட்ட வாரவன் எவனும் லேசுல சொல்ல மாட்டான். ஹெர்னியாம்பான், வாயுப் புடிப்பும்பான், சூடும்பான். நீங்கதான் கேக்கணும். ஒரு தடவ கேட்டா சொல்ல மாட்டான், திருப்பிக் கேக்கணும்.” நிறுத்தி, தலையைத் தூக்கிப் பின்வரிசையைப் பார்த்தார். “ஏம்மா, கடைசியில நிக்கிற பிள்ளை. எழுதலியா? பராக்குப் பாத்தா எப்படி வண்டி ஓட்டுவ?”

அந்தப் பிள்ளை அவசரமாகப் பேனாவைத் தேடினாள். நரைத்த டாக்டர் சிரிக்கவில்லை. “எழுதிக்கோங்க” என்றார்.

பிறகு யாரும் சொல்லாமலே அவர் தானாகத் திரும்பிப் படுத்து, துணியை விலக்கினார்.

அப்போதுதான் நானும் பார்த்தேன். உள்ளங்கை கொள்ளாத புண், தையல் போடாமல் திறந்தபடி. அடியிலிருந்து ஆறிக்கொண்டு வர வேண்டும், அதனால் தைக்க மாட்டோம் என்று டாக்டர் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார். அது உள்ளே பழுத்துக்கொண்டிருந்தபோது நான் பக்கத்திலேயே படுத்திருந்திருக்கிறேன், வேட்டி சரியாகத் துவைக்கவில்லை என்று முதுகைக் காட்டிக்கொண்டு. ஓங்கி ஓர் அறை விட்டால் தேவலை போல இருந்தது. யாரை என்று தெரியவில்லை.

அவர்கள் அடுத்த கட்டிலுக்குப் போனதும், வீட்டுக்குப் போனால் தினமும் இதைச் சுத்தம் செய்து மருந்து வைக்க யார் வருவார்கள் என்று நர்ஸ் கேட்டார்.

“நான்தான்” என்றேன்.

அவர் மறுப்பார் என்று காத்திருந்தேன். மறுக்கவில்லை. திரும்பிப் படுத்தபடியே, துணியை இழுத்து மூடாமல் இருந்தார்.

“அப்ப சோப்புப் போட்டுக் கை கழுவிட்டு வாங்கம்மா, சொல்லித் தாரேன்” என்றார் நர்ஸ்.

போய்க் கழுவிவிட்டு வந்தேன்.